மூன்றில் ஒரு மார்க்கு

என் அலமாரியில் பிரபஞ்சம் ஐந்தாம் அத்தியாயத்தில் நிற்கிறது. ஒரு புத்தகத்தில் மட்டுமல்ல, ஏறக்குறைய எல்லாவற்றிலும். சாதாரண வாசகருக்கு இயற்பியலைப் புரியவைப்பதாகப் பின்னட்டையில் சத்தியம் செய்யும் புத்தகங்களைக் கல்லூரியில் சேர்ந்த காலத்திலிருந்து வாங்கிக்கொண்டிருக்கிறேன். முதல் அத்தியாயத்தில் ஆசிரியர் சிறுவயதில் நட்சத்திரங்களைப் பார்ப்பார். இரண்டாவதில் ஒரு ரயில் வரும். மூன்றாவதில் ஒரு லிஃப்ட். நான்காவதில் ரப்பர் விரிப்பின்மேல் ஓர் இரும்புக் குண்டு. ஐந்தாவதில், இனிமேல் வருவதற்கும் கணிதம் தேவையில்லை என்று ஆசிரியர் தைரியம் சொல்வார். அதற்குப் பிறகு எனக்கு ஒன்றும் புரியாது. பஸ் டிக்கெட்டை அடையாளத்துக்குச் செருகி மூடிவைத்துவிட்டு, அடுத்த புத்தகம் வாங்குவேன். அதிலும் ரயில் வரும். ரயிலைப் பொறுத்தவரை நான் இப்போது ஒரு வல்லுநர்.

நான் பொறியியல் படித்தவள் என்பதால் இதற்குக் கொஞ்சம் கூடுதலாகவே வெட்கப்பட வேண்டும். கழக்கூட்டம் பக்கத்தில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் சோதனைப் பிரிவில் வேலை செய்கிறேன். மற்றவர்கள் எழுதிய நிரல் எங்கெங்கே உடையும் என்று பட்டியல் போடுவதுதான் வேலை. பட்டியல் போடும் வியாதி அதற்கும் முன்பே வந்தது. புத்தகங்களுக்கு மூன்று பட்டியல்கள் வைத்திருக்கிறேன்: படித்தவை, படித்துக்கொண்டிருப்பவை, படித்ததாகப் பிறரிடம் சொல்பவை. மூன்றாவதுதான் நீளம்.

திருவனந்தபுரத்தில் இந்த மாதிரிப் பெருமையைக் காட்டிக்கொள்ளச் சரியான ஆள் கிடைப்பது கஷ்டம். வேறு ஊரில் கருந்துளை என்று சொன்னால் நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். இங்கே எங்கள் வலியசாலைத் தெருவிலேயே வீட்டுக்கொருவர் ராக்கெட் ஆபீசில் வேலை பார்த்தவர்கள். அவர்கள் விண்வெளியைப் பற்றிப் பேசுவதில்லை. பயணப்படி, கான்டீன், முட்டுவலி இவற்றைப் பற்றித்தான் பேசுவார்கள். பக்கத்து வீட்டு மாமாவிடம் ஒருமுறை காலம் வளைவதைப் பற்றி ஆரம்பித்தேன். "அதெல்லாம் சரி, உங்காத்துத் தண்ணி டாங்க் வழியறது, மோட்டாரை நிறுத்து" என்றார்.

ஆகவே எனக்கு ஒரு மாணவி கிடைத்தபோது, அவருக்கு என்ன வேண்டும் என்று கேட்பதற்கு முன்பே எனக்கு என்ன வேண்டும் என்று தெரிந்துவிட்டது.

அவரைக் கண்டுபிடித்தது அம்மா. பழவங்காடி பக்கத்தில் ஒரு பாத்திரக் கடையில் இட்லிப் பாத்திரம் வாங்கப் போனவள், பாத்திரத்தோடு எனக்கு ஒரு வேலையையும் வாங்கிக்கொண்டு வந்தாள்.

"அந்தப் பொண் நின்னுண்டே படிக்கறதுடீ. தராசுக்குப் பின்னால புஸ்தகத்தைத் தெறந்து வெச்சுண்டிருக்கு. கிளார்க் பரீட்சையாம். நாகர்கோவில் பக்கம், கல்யாணமாகி இங்க வந்ததாம். மலையாளம் நன்னாப் பேசறது, வாசிக்கறச்சே தட்டறது. பரீட்சையைத் தமிழ்லயே எழுதலாமாம், கைடெல்லாம்னா மலையாளத்துல இருக்கு. நீ வாசிச்சுத் தமிழ்ல சொன்னாப் போறும்னேன். ஞாயித்துக்கிழமை வெறுதே படுத்துண்டுதானே இருக்கே?"

"படுத்துண்டு இல்லேம்மா, படிச்சுண்டு."

"ரெண்டும் ஒரே மாதிரிதான் இருக்கு பாக்கறதுக்கு."

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா வந்தார். அப்படித்தான் அழைத்தேன், முப்பத்தைந்து வயது. வந்ததும் வராததுமாக நிலவரத்தைச் சொல்லிவிட்டார். அடுத்த வருடம் வயது வரம்பு தாண்டிவிடும், ஆகவே இந்தப் பரீட்சைதான் கடைசி. கணவருக்கு ஹோட்டலில் சமையல் வேலை. கடையில் ஸ்டூல் உண்டு, கூட்டம் விட்டால்தானே உட்கார. கணுக்காலுக்கு மேலே நரம்பு சுருண்டு நீலமாக நின்றது.

"சர்க்காரு வேலைன்னா மத்தவங்க சம்பளத்தப் பாப்பாங்க, பிள்ளே. நான் உக்காந்து பாக்குற வேலைன்னு பாக்கேன். இது கிட்டலேன்னா காலு இருக்கிற வரை கடைதான்."

எனக்கு உடனே உற்சாகம் பொங்கியது. அன்றே அட்டவணை போட்டேன். பாடங்கள் இடப்பக்கம், ஞாயிறுகள் மேலே, நான்கு நிறங்கள். கணக்குக்கு நிறைய இடம். வட்டிக் கணக்கு, ஆளும் நாளும் கணக்கு இவற்றில் அக்கா திணறுவார் என்று முதல் நாளே தெரிந்தது. அறிவியலுக்கு ஒரே ஒரு ஞாயிறு. பரீட்சையில் அதற்கு இருந்த மார்க்கும் அவ்வளவுதான். நிதானமான, நியாயமான அட்டவணை. என் வேலையில் அப்படி ஒன்றைப் போட்டிருந்தால் மேலாளர் பாராட்டியிருப்பார்.

வரலாறும் அரசியலமைப்பும் ஒழுங்காகப் போயின. கைடில் ஒரு வரியை நான் மலையாளத்தில் வாசித்துத் தமிழில் சொல்வேன், அக்கா எழுதிக்கொள்வார். முதல் இது எது, கடைசி அது எது, எந்த ஆறு எங்கே உற்பத்தியாகிறது. எதற்கும் ஏன் என்று கிடையாது. நானும் கேட்கவில்லை, எனக்கு ஆறுகளில் கௌரவப் பிரச்சினை எதுவும் இல்லை.

பிறகு அறிவியல் வந்தது. பாதிப் பக்கம் தாண்டியதும் இந்த வரி: விண்வெளி நிலையத்தில் இருப்பவர்கள் மிதக்கக் காரணம், ஈர்ப்பு விசை இல்லாமை.

வாசித்துவிட்டு நிறுத்தினேன். என் அலமாரி முழுவதும் எனக்குப் பின்னால் எழுந்து நின்றது போலிருந்தது.

"அக்கா, இதை எழுதாதீங்கோ. இது தெத்து, சுத்தத் தப்பு."

"கைடுல போட்டிருக்கில்லா?"

"கைடே தெத்து."

கோயிலில் சாமி இன்று லீவு என்று சொன்னதைப் போல என்னைப் பார்த்தார். பேனா காகிதத்துக்கு ஒரு விரற்கடை மேலே நின்றது.

நான் விளக்கினேன். அங்கே ஈர்ப்பு இருக்கிறது, தாராளமாக இருக்கிறது. நிலையமும் உள்ளே இருப்பவர்களும் சேர்ந்து விழுந்துகொண்டே இருக்கிறார்கள்; ஆனால் பக்கவாட்டில் அத்தனை வேகமாகப் போவதால், விழ விழப் பூமியும் அடியில் வளைந்து விலகிப் போகிறது. ஒரு லிஃப்டில் நிற்கிறோம், கயிறு அறுந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். லிஃப்டும் நாமும் சேர்ந்தே விழுவோம், அந்த நேரத்தில் நமக்கு எடையே தெரியாது.

"கயிறு அறுந்தா செத்துப்போவோம்லா?"

"அது அப்புறம், அக்கா. அதுக்கு முன்னாடி."

"அதுக்கு முன்னாடி அலறுவோம். எடை தெரியுதா இல்லையான்னு எவன் பாப்பான்?"

அடுக்களையிலிருந்து அம்மா சிரித்தாள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. மூன்று புத்தகங்களை எடுத்துவந்து, மூன்றிலும் லிஃப்ட் அத்தியாயத்தைக் காட்டினேன். மூன்றும் ஆங்கிலம். அக்கா மரியாதையாகப் படங்களைப் பார்த்தார். கடைசியில், "விழுந்துகிட்டேதான் இருக்கான், தரைதான் கிட்டல. அப்படித்தானே?" என்றார்.

"அப்படியேதான்!"

"பாவம். எனக்கானா தரை மட்டுந்தான் கிட்டியிருக்கு."

நான் அங்கே நிறுத்தியிருக்க வேண்டும். புரிந்துகொண்டுவிட்டார், ஒரே மத்தியானத்தில். ஆனால் எனக்கு அதுவரை யாரையும் புரியவைத்த அனுபவம் இல்லை, அதன் ருசி பிடித்துவிட்டது. அடுத்த ஞாயிறு வட்டிக் கணக்குக்கென்று நீல நிறத்தில் குறித்திருந்தேன். அன்று ரப்பர் விரிப்பு நடத்தினேன்.

விரிப்புக்குக் கட்டில் துணி. ஒரு பக்கம் நான், மறுபக்கம் அக்கா, நடுவில் சூரியனாக அம்மாவின் பித்தளைச் செம்பு. பூமியாக ஓர் எலுமிச்சம்பழத்தை ஓரத்தில் உருட்டிவிட்டேன். அது செம்பைச் சுற்றிவர வேண்டும். சுற்றவில்லை. நேராகத் துணியைத் தாண்டி பீரோவுக்கு அடியில் போயிற்று. இன்னொன்றை உருட்டினேன். அதுவும் பீரோவுக்கே போயிற்று. எங்கள் வீட்டில் வெளி வளைந்திருப்பது பீரோவை நோக்கித்தான் என்று தெரிந்தது.

"அது ஊறுகாய்க்கு வாங்கினதுடீ" என்றாள் அம்மா வாசலில் நின்று.

அக்கா துணியை விடாமல் பிடித்துக்கொண்டு கேட்டார். "இதுல எத்தனை மார்க்கு வரும், பிள்ளே?"

"மார்க்குக்கு இல்லே அக்கா, இது புரியறதுக்கு."

"செரி" என்றார். அந்தச் செரிக்கு என்ன அர்த்தம் என்று யோசிக்கும் பழக்கம் அப்போது எனக்கு இல்லை.

அதற்கடுத்த ஞாயிறு ரயில். அதற்கும் அடுத்தது கருந்துளை. அட்டவணையில் நீலக் கட்டங்கள் காலியாகவே நகர்ந்தன. நான் அம்புக்குறி போட்டு ஒவ்வொன்றையும் அடுத்த வாரத்துக்குத் தள்ளினேன். அக்கா கேட்டுக்கொண்டார். முகத்தில் கடையில் வாடிக்கையாளர் பேரம் பேசும்போது இருக்கும் பொறுமை. ஒருநாள் மட்டும் கைடைத் திறந்து, மிதப்பதைப் பற்றிய வரிமேல் விரலை வைத்து, "அப்போ இத வெட்டிரட்டா, வேண்டாமா? தீத்துச் சொல்லு" என்றார்.

எனக்கு ஆதாரம் வேண்டும் என்று தோன்றியது. அக்காவைக் கூட்டிக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போனேன். மாமா பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

"மாமா, நீங்க சொல்லுங்கோ. மேல போறவா மிதக்கறாளே, அங்க ஈர்ப்பு இருக்கா, இல்லையா?"

"இல்லாம பின்னே? ஈர்ப்பு இல்லேன்னா அது சுத்துமா? நேரா ஓடிப்போயிடும்."

"பாத்தேளா அக்கா!"

அக்கா என்னைப் பார்க்கவில்லை. "அப்போ சார், பரீட்சையில அப்படியே போடலாமா?"

மாமா பேப்பரை மடித்தார். "அது கேள்வி போடறவனை ஆச்ரயிச்சிருக்கு, அம்மா. நான் இத்தனை வருஷம் அங்க உத்தியோகம் பாத்தேன். ஒரு பிரமோஷன் பரீட்சையில நான் டிசைன் பண்ணின பார்ட்டைப் பத்தியே ஒரு கேள்வி வந்தது. அதுல எனக்கு மார்க்கு கிடைக்கலே."

நான் சிரித்தேன். மாமா வேடிக்கை சொல்வதாக நினைத்தேன். அக்கா சிரிக்கவில்லை.

பரீட்சை அன்று காலை அக்கா பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டு நேராகப் பரீட்சை நடக்கும் பள்ளிக்கூடத்துக்குப் போனார். முடியும் நேரத்துக்கு நான் போய் வெளியே காத்திருந்தேன். கூட்டத்தோடு வந்தவர் என்னைக் கண்டதும் சொன்ன முதல் வாக்கியம்: "உன் கேள்வி வந்துட்டு."

"மிதக்கறதா? விழறது ஆப்ஷன்ல இருந்துதா?"

"இருந்து. ஈர்ப்பு இல்லாமையும் இருந்து. ரெண்டும் ஒண்ணுக்குக் கீழ ஒண்ணா நிக்கி."

"விழறதைத்தானே போட்டீங்க?"

"ஒண்ணும் போடல. விட்டுட்டேன்."

"ஏன் அக்கா?"

"நீ சொன்னது செரின்னு எனக்குத் தெரியும். பேப்பர் போட்டவனுக்குத் தெரியுமான்னு எனக்குத் தெரியாதுல்லா. தப்பானா உள்ள மார்க்குலயும் பிடிப்பான். ஒண்ணு மட்டும் தெரிஞ்சிருந்தா கண்ண மூடிட்டு வட்டத்தக் கறுப்பாக்கியிருப்பேன். நீ ரெண்டையும் தெரியவெச்சுட்ட." கோபமே இல்லை. எதிர்க்கடையில் எலுமிச்சை பிழிந்த நாரங்கா வெள்ளம் வாங்கி எனக்கும் ஒன்று கொடுத்தார். பாதி குடித்த பிறகு சொன்னார்: "வட்டியில ரெண்டு கேள்வி வந்து, பிள்ளே. ரெண்டும் போச்சு."

வீட்டுக்கு வந்து அட்டவணையைப் பார்த்தேன். நீலக் கட்டங்களிலிருந்து அம்புக்குறிகள் வரிசையாகப் பறந்துகொண்டிருந்தன, பார்க்க அழகாக இருந்தது.

சில நாட்களில் விடைப்பட்டியல் வெளியானது. அலுவலகத்தில் இருந்தேன். மிதப்பதற்குக் காரணம், தொடர்ந்து விழுதல் என்று போட்டிருந்தார்கள். நான் நாற்காலியை விட்டு எழுந்தே விட்டேன். உடனே கடைக்குப் போன் செய்தேன்.

"அக்கா! நான் சொன்னதுதான் சரி! விழறதுதான்!"

மறுமுனையில் பாத்திரங்கள் ஒன்றோடொன்று மோதும் சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம் அக்காவின் குரல்: "நல்லதாப் போச்சு. உனக்குச் சந்தோஷம்தானே?" யாருக்கோ ஒரு குக்கரின் விலையைச் சொன்னார். "வெக்கட்டா?"

வைத்த பிறகுதான், நான் வாழ்த்துச் சொன்னது எனக்கே என்பது உறைத்தது.

அன்று மாலை பேருந்தில் வரும்போது கணக்குப் போட்டுப் பார்த்தேன். சோதனைப் பிரிவில் இருப்பவள் ஒரு தவறின் மொத்த விளைவையும் மதிப்பிடாமல் தூங்க முடியாது. நான் வாயே திறக்காமல் இருந்திருந்தால் அக்கா கைடில் இருந்ததைக் கறுப்பாக்கியிருப்பார். அது தவறு, ஆகவே தவறான விடைக்குப் பிடிக்கும் மூன்றில் ஒரு மார்க்கு போயிருக்கும். நான் விளக்கியதால் விட்டுவிட்டார், அது போகவில்லை. எனவே நான் இத்தனை ஆண்டுகள் பிரபஞ்சத்தைப் பற்றிப் படித்ததன் நிகர லாபம் மூன்றில் ஒரு மார்க்கு. எப்படியானாலும் லாபம் லாபம்தான் என்று சொல்லிக்கொண்டேன். அதோடு நிறுத்தியிருந்தால் கணக்கு எனக்குச் சாதகமாக இருந்திருக்கும். ஆனால் வட்டிக் கேள்விகள் இரண்டும் வந்து பக்கத்து இருக்கையில் உட்கார்ந்துகொண்டன, வீடுவரை எழுந்திருக்கவில்லை.

தரவரிசைப் பட்டியல் வர வெகுநாள் ஆயிற்று. வந்தபோது அக்காவின் பெயர் இருந்தது, ஆனால் வெகு கீழே. பட்டியலில் இருந்தால் வேலை கிடைத்துவிட்டது என்று அர்த்தமில்லை. மேலே இருந்து ஒவ்வொருவராகக் கூப்பிட்டுக்கொண்டே வருவார்கள். பட்டியலின் ஆயுள் முடிவதற்குள் உங்கள் எண் வந்தால் வேலை, வராவிட்டால் பட்டியலில் இருந்த பெருமை. அக்காவுக்கு அடுத்த வாய்ப்பு கிடையாது. என்னால் தாங்க முடியாமல் கடைக்கே போய் என் கணக்கைச் சொன்னேன். அந்த மூன்றில் ஒரு மார்க்கு போயிருந்தால் இன்னும் எவ்வளவோ பேருக்குப் பின்னால் போயிருப்பார். அத்தனை நெரிசல் அந்த இடத்தில்.

அக்கா ஒரு உருளியைத் துடைத்துக்கொண்டே கேட்டார். "ஒரு பஸ் ஆளு இருக்குமா?"

"இருக்கும் அக்கா."

"அப்போ வட்டி ரெண்டையும் போட்டிருந்தா எத்தனை பஸ் ஆளு எனக்குப் பின்னால நின்னிருப்பான்?"

பதில் எனக்குத் தெரியும். ஒரு டஜன் தேக்கரண்டி வாங்கிக்கொண்டு வந்தேன். எங்களுக்குத் தேக்கரண்டி தேவைப்படவில்லை.

பிறகு ஏறக்குறைய இரண்டு வருடம் நான் எந்தப் புத்தகத்தையும் தொடவில்லை என்று சொன்னால் நன்றாக இருக்கும். தொட்டேன்; மூன்று வாங்கினேன். ஆனால் தினமும் மதியச் சாப்பாட்டு நேரத்தில் எத்தனாவது எண் வரை கூப்பிட்டிருக்கிறார்கள் என்று பார்ப்பதும் வழக்கமாகிவிட்டது. சில மாதங்கள் அசையவே அசையாது. சில நாள் ஒரேயடியாக நகரும். அக்காவுக்கு நான் செய்தி அனுப்புவேன், எண் மட்டும். அவர் பதிலுக்கு ஒரு கும்பிடு போடுவார். பட்டியலின் கடைசி மாதங்களில் கும்பிடும் வருவது நின்றது. அம்மா அந்தப் பக்கம் போனால் கடைக்குள் நுழையாமல் எதிர்ச்சாரியில் நடந்தாள். "என்னன்னு கேக்கறது, பாவம்" என்றாள்.

மழைக்காலத்தில் ஒருநாள் காலை, நான் பார்ப்பதற்கு முன்பே அக்கா போன் செய்துவிட்டார். நியமன உத்தரவு வந்துவிட்டது, மலைப்பக்கம் ஒரு பஞ்சாயத்து அலுவலகம். இரண்டு பஸ் மாற வேண்டும். "போற பஸ்ல நிக்கணும், வாற பஸ்லயும் நிக்கணும். இடையில எட்டு மணிநேரம் எவனும் எழுப்ப மாட்டான்" என்றார். அழுதாரா சிரித்தாரா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. அம்மா என்னிடமிருந்து போனைப் பிடுங்கி, "கேட்டயா, மொத மாசச் சம்பளத்துல காலுக்கு நல்ல டாக்டரைப் பாரு" என்றாள்.

வேலையில் சேர்ந்த சில வாரங்களுக்குப் பிறகு ஒரு ஞாயிறு அக்கா ஏத்தங்காய் சிப்ஸ் பொட்டலத்தோடு வந்தார். கூட ஒரு பெண். அதே கடையில் தராசுக்குப் பின்னால் இப்போது நிற்பவள். தென்காசிப் பக்கம், கல்யாணமாகி வந்தவள், மலையாளம் வாசிக்கத் தட்டுகிறவள். கையில் புத்தம்புதிய கைடு.

"இவளுக்கும் நீதான் சொல்லிக்கொடுக்கணும், பிள்ளே" என்றார் அக்கா. அப்புறம் அந்தப் பெண்ணிடம் திரும்பி, என் முன்னாலேயே சொன்னார்: "நல்லா சொல்லித் தருவா. பொன்னான பிள்ளை. கணக்கு மொதல்ல கேட்டுக்க. சயன்ஸ் மட்டும் இவகிட்ட கேக்காதே, கேட்டியா? அது நீயே மனப்பாடம் பண்ணிக்க."

அம்மா சிரித்த சிரிப்பில் அடுக்களையில் ஏதோ உருண்டது.

கணக்கு முதலில், சயன்ஸ் வாசிப்பதோடு சரி என்று அக்காவிடம் வாக்குக் கொடுத்திருந்தேன், அதைக் காப்பாற்றினேன். முதல் மாதம் முழுவதும் வட்டி. ஆளும் நாளும் அதற்குப் பிறகு. நீலக் கட்டங்கள் எல்லாம் நிரம்பின. அறிவியலுக்குக் குறித்திருந்த ஒரே ஞாயிறும் வந்தது. கைடை வாங்கி வாசிக்க ஆரம்பித்தேன், குரலில் எந்த ஏற்ற இறக்கமும் இல்லாமல்.

பாதிப் பக்கம் தாண்டியதும் அந்த வரி. புதிய பதிப்பில் திருத்தியிருந்தார்கள். விண்வெளி நிலையத்தில் இருப்பவர்கள் மிதக்கக் காரணம், தொடர்ந்து விழுதல். பக்கத்தில் ஒரு நட்சத்திரக் குறி. முன்பு கேட்கப்பட்ட கேள்வி என்று அர்த்தம். லிஃப்ட், ரயில், செம்பு, பீரோவுக்கு அடியில் போன எலுமிச்சம்பழங்கள், எல்லாம் சேர்ந்து இரண்டு சொற்கள்.

தமிழில் சொன்னேன். அவள் எழுதிக்கொண்டாள். ஒருமுறை முணுமுணுத்துப் பார்த்துக்கொண்டாள். நான் அவசரப்படாமல் காத்திருந்தேன். விழுகிறவர்கள் எப்படி மிதப்பார்கள் என்று யாருக்கும் ஒரு சந்தேகம் வரலாம். வந்தால் கேட்கட்டும், கேட்டால் சொல்வதில் தப்பில்லை, நானாகத் தொடங்கினால்தானே தப்பு.

அவள் நிமிர்ந்தாள். "அடுத்தது என்னக்கா?"

அடுத்தது, எலும்புகள் வலுவாக இருக்கத் தேவையான வைட்டமின். வாசித்தேன்.